ஆட்கொணர்வு மனு: நீதிபதி கேட்கும் ஒரே கேள்வி

"மகளை யாரோ அடைத்து வைத்திருக்கிறார்கள், மீட்டுத் தாருங்கள்" என்று பெற்றோர் உயர் நீதிமன்றம் செல்கிறார்கள். "என் மனைவியை அவள் வீட்டாரே பூட்டி வைத்திருக்கிறார்கள்" என்று கணவனும் செல்கிறான். இரண்டுமே ஆட்கொணர்வு மனுதான். அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்திலும், 32-வது பிரிவின்படி உச்ச நீதிமன்றத்திலும் இதைத் தாக்கல் செய்யலாம். அடைபட்டவர் நேரில் வர முடியாது என்பதால் உறவினரோ நண்பரோ அவருக்காக மனு செய்யலாம்.

தமிழ்நாட்டில் குண்டர் சட்டக் கைதுகளை எதிர்த்துத்தான் இந்த மனுவைப் பற்றி அதிகம் கேள்விப்பட்டிருப்போம். குடும்ப விவகாரத்தில் இது எப்படி நடக்கிறது என்பதற்கு ஹாதியா வழக்கே போதும். கேரளத்தைச் சேர்ந்த அவர், சேலத்தில் ஹோமியோபதி படித்தபோது இஸ்லாத்தைத் தழுவினார். 2016 ஜனவரியில் தந்தை போட்ட முதல் மனுவில், அவர் விரும்பிய இடத்தில் தங்கலாம் என்று கேரள உயர் நீதிமன்றம் கூறியது. அதே ஆண்டில் இரண்டாவது மனு வந்தது. அது நிலுவையில் இருக்கும்போதே டிசம்பரில் நிக்காஹ் நடந்தது. 2017 மே 24 அன்று அந்தத் திருமணம் செல்லாது என்று அறிவித்த நீதிமன்றம், 24 வயதுப் பெண்ணைப் பெற்றோர் பொறுப்பில் விட்டது. மாதக்கணக்கில் அவர் வீட்டை விட்டு வெளியே வர முடியவில்லை.

நவம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றம் அவரிடமே கேட்டது. சுதந்திரம் வேண்டும் என்றார். படிப்பை முடிக்க சேலம் அனுப்பப்பட்டார். 2018 மார்ச் 8 அன்று உயர் நீதிமன்றத் தீர்ப்பே ரத்தானது. ஆட்கொணர்வு மனுவை விசாரிக்கும் நீதிமன்றம் திருமணத்தை ரத்து செய்யக் கூடாது என்பது தீர்ப்பின் சாரம். விருப்பத்துக்கு மாறாக யாரும் பிடித்து வைத்திருக்கிறார்களா என்பது மட்டுமே அங்கே கேள்வி.

நம் குடும்பங்கள் பலவற்றுக்கு இது புரிவதில்லை. நீதிமன்றம் போனால் மகள் வீடு திரும்பிவிடுவாள் என்று நம்பி வக்கீலுக்குச் செலவழிக்கிறார்கள். 18 வயது முடிந்த பெண், "நானாகத்தான் போனேன்" என்று சொல்லிவிட்டால் மனு அத்தோடு முடிந்தது. எதிர்ப்பக்கமும் உண்டு. வலீ என்ற பொறுப்பு நிக்காஹுக்கு உரியது. வயது வந்த மகளை அறைக்குள் வைத்துப் பூட்ட அது அனுமதிச் சீட்டு அல்ல.

18 வயதுக்குக் கீழ் என்றால் கதை வேறு. அங்கே பிள்ளையின் நலனே முதலில் பார்க்கப்படும், அழைத்துச் சென்றவர் மீது போக்சோ வழக்கும் வரலாம். தலாக், குலாவுக்குப் பிறகு குழந்தை யாரிடம் இருப்பது என்ற வழக்கு பொதுவாகக் குடும்ப நீதிமன்றத்துக்கு உரியது. சட்டப்படி உரிமையில்லாதவர் குழந்தையை வைத்திருந்தால் மட்டும் இந்த மனு உதவும்.

உண்மையிலேயே யாரேனும் அடைபட்டிருந்தால், முதலில் காவல் நிலையத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். வயதுச் சான்றைக் கையில் வையுங்கள். ஆஜர்படுத்தப்படுபவரிடம் நீதிபதி தனிமையில், குடும்பத்தாரின் அழுத்தமின்றிப் பேச வேண்டும் என்று 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்துள்ளது. தேவைப்பட்டால் உங்கள் வக்கீல் மூலம் அதைக் கேட்கலாம். சென்னைக்கோ மதுரைக்கோ போக வசதியில்லாதவர்கள், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 100-வது பிரிவின்கீழ் உள்ளூர் மாஜிஸ்திரேட்டிடமே தேடுதல் வாரண்ட் கேட்கலாம்.