மைக் இல்லாத குரலும் மாதச் சம்பளமும்

டெல்லி மயூர் விஹாரில் எங்கள் பக்கத்து ஃப்ளாட் மாமியின் பேத்தி டிரினிட்டி காலேஜ் லண்டன் நடத்தும் பாட்டுத் தேர்வில் ஐந்தாம் கிரேடு தேறிவிட்டாள். அடுத்து ஆபராதான் என்கிறாள். டீ குடிக்கும்போது மாமி நேராகவே கேட்டார்: “மேடையில நின்னு கத்தறதுக்குப் பத்து வருஷம் படிக்கணுமாமே? படிச்சாலும் சோத்துக்கு வழி உண்டா?”

நியாயமான கேள்வி. முதலில் அந்தக் கத்தலைப் பார்ப்போம்.

ஆபரா என்பது இசை நாடகம். மேடைக்கு முன்னால் பள்ளத்தில் அறுபது, எழுபது பேர் வாசிப்பார்கள். பாடகருக்கு மைக் கிடையாது. எஸ்.ஜி. கிட்டப்பாவும் மைக் இல்லாமல்தான் நாடகக் கொட்டகையின் கடைசி வரிசைவரை எட்டப் பாடினார். ஆனால் ஒரு முழு ஆர்கெஸ்ட்ராவை வெறும் சத்தத்தால் வெல்ல முடியாது. ஆர்கெஸ்ட்ராவின் ஒலி 500 ஹெர்ட்ஸ் பக்கம் குவிந்து, அதற்கு மேலே போகப் போக மெலியும். தேர்ந்த ஆண் குரலோ, குரல்வளையைத் தாழ்த்தி, 3,000 ஹெர்ட்ஸ் அருகே தனியாக ஒரு முனைப்பை உண்டாக்கிக்கொள்கிறது. வாத்தியங்கள் மெலிந்த அந்த இடத்தில் குரல் தெளிவாக மேலெழுகிறது. நம் காதும் அங்கேதான் கூர்மை. ஸ்வீடனைச் சேர்ந்த குரல் ஆய்வாளர் யோஹான் சுண்ட்பெர்க் இதை அளந்து விளக்கியிருக்கிறார். உச்சஸ்தாயியில் பெண்கள் சுருதி ஏற ஏற வாயை அகலத் திறந்து ஒலியைப் பெருக்குகிறார்கள். இந்தப் பழக்கம் உடம்பில் ஊற வருஷங்கள் ஆகும். பதினைந்து வயதில் அவசரப்படுத்தினால் குரல் கெட்டுவிடும்.

சோற்றுக் கேள்விக்கு நான் பல்கேரியாவைக் காட்டுவேன். மக்கள்தொகை 65 லட்சம் அளவுதான். டெல்லியில் 2011 கணக்கெடுப்பிலேயே 1.68 கோடி. அந்தச் சின்ன நாட்டில் தலைநகர் சோஃபியா போக வார்னா, ப்ளொவ்திவ், ரூசே, ஸ்தாரா ஸகோரா என்று ஊர் ஊராக ஆபரா இருக்கிறது. ஆபரா பாடகர் நிகோலாய் கியாவ்ரோவ் 1929இல் வெலின்கிராதில் பிறந்தவர். சோஃபியாவில் கிறிஸ்தோ பிராம்பரோவிடம் பயின்று, மாஸ்கோவில் படிப்பை முடித்து, 1955இல் சோஃபியா மேடையில் அறிமுகமானார். பத்தே வருஷத்தில், 1965இல், நியூயார்க் மெட்ரோபாலிடன் ஆபராவில் பாடினார். அபாரமான குரல், சந்தேகமில்லை. ஆனால் அவருக்குச் சொந்த நாட்டில் குருவும் இருந்தார், முதல் மேடையும் இருந்தது.

டெல்லியில் குரு கிடைப்பார். சாணக்யபுரியில் டெல்லி ஸ்கூல் ஆஃப் மியூசிக் இருக்கிறது. நீம்ராணா ஹோட்டல்களை உருவாக்கியவர்களில் ஒருவரான ஃபிரான்சிஸ் வாட்சியார்க், இசைக்கென ஓர் அறக்கட்டளை தொடங்கி இங்கே ஆபராக்களை மேடையேற்றினார், 2014இல் காலமானார். அந்த மனிதருக்கு இந்த ஊர் கடன்பட்டிருக்கிறது. ஆனால் எப்போதாவது நடக்கும் ஆபராவை நம்பி யாரும் வீட்டு வாடகை கட்ட முடியாது. மாதச் சம்பளத்துக்குப் பாடகர்களை வைத்துக்கொள்ளும் ஆபரா குழு டெல்லியில் இல்லை.

பம்பாயில் பிறந்த பாடகி பட்ரிஷியா ரொஸாரியோவும் பயில லண்டன் கில்ட்ஹால் இசைப் பள்ளிக்குத்தான் போனார். ஆங்கிலேய இசையமைப்பாளர் ஜான் டேவனர் முப்பதுக்கும் மேற்பட்ட படைப்புகளை அவர் குரலை மனதில் வைத்தே எழுதினார். தனக்குக் கிடைக்காத பயிற்சி இங்குள்ள பிள்ளைகளுக்குக் கிடைக்கட்டும் என்று, 2009இல் கணவர் மார்க் ட்ரூப்புடன் ‘கிவிங் வாய்ஸ் டு இந்தியா’ திட்டத்தைத் தொடங்கினார். பேர் வாங்கியபின் திரும்பி வந்து சொல்லிக்கொடுப்பவர்கள் அபூர்வம்.

மாமிக்குச் சொன்னதையே மற்றவர்களுக்கும் சொல்கிறேன். குழந்தையைத் தடுக்காதீர்கள், அவசரப்படுத்தவும் வேண்டாம். பியானோ பழகட்டும். கஸ்தூர்பா காந்தி மார்க் மாக்ஸ் முல்லர் பவனில் ஜெர்மன் படிக்கட்டும், முடிந்தால் சாணக்யபுரி இத்தாலியப் பண்பாட்டு மையத்தில் இத்தாலியனும். ஜெர்மனியில் அரசுப் பணத்தில் நடக்கும் ஆபரா அரங்குகள் சுமார் 80. தனிப் பாடகருக்கும் கோரஸில் நிற்பவருக்கும் அங்கே மாதச் சம்பளம் உண்டு.