இங்கிலாந்து அணி அழைக்கவே இல்லை... ஆனாலும் 46 வயது வரை ஆடினார்! யார் இந்த டேரன் ஸ்டீவன்ஸ்?

2021 மே மாதம், கேன்டர்பரி மைதானம். கிளாமர்கனுக்கு எதிராக கென்ட் அணி 128 ரன்னுக்கு 8 விக்கெட். ஒரு முனையில் 45 வயது டேரன் ஸ்டீவன்ஸ். மறுமுனைக்கு வந்தவர் பந்துவீச்சாளர் மிகுவெல் கம்மின்ஸ்.

இருவரும் சேர்த்தது 166 ரன். அதில் கம்மின்ஸ் அடித்தது எவ்வளவு தெரியுமா? ஒரே ஒரு ரன்! ஸ்டீவன்ஸ் 149 பந்தில் 190, அதில் 15 சிக்ஸர். போதாததுக்கு, அதே மேட்ச்சில் ஆஸ்திரேலியாவின் மார்னஸ் லபுஷேனையும் அவுட்டாக்கினார்.

இவ்வளவு ஆடியவர் இங்கிலாந்துக்காக ஒரு மேட்ச்கூட ஆடியதில்லை. ஏன்?

கவுன்ட்டின்னா என்ன?

இங்கிலாந்து, வேல்ஸில் மொத்தம் 18 முதல்தர கவுன்ட்டி கிளப்கள். நம்ம ரஞ்சி மாதிரி நான்கு நாள் ஆட்டங்கள், ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை. வீரர்கள் கிளப்பின் சம்பள ஊழியர்கள். ஒப்பந்தம் சில ஆண்டுகளுக்குத்தான். வயது ஏற ஏற அது ஓராண்டாகச் சுருங்கும். சீசன் முடியும்போது, 'அடுத்த வருஷம் வேலை இருக்கா?' என்பதே பெரிய கேள்வி.

ஏன் வாய்ப்பு கிடைக்கலை?

1997-ல் சொந்த ஊர் கவுன்ட்டியான லெஸ்டர்ஷயரில் தொடங்கிய ஸ்டீவன்ஸ், 2005-ல் கென்ட்டுக்கு மாறினார். அதிரடி பேட்ஸ்மேன்தான். ஆனால், முதல்தர சராசரி 35-ஐ ஒட்டியே இருந்தது. டெஸ்ட் அணியில் இடம்பிடிக்க அது போதவில்லை.

பந்துவீச்சு? வேகம் சுமார் 110 கி.மீ. சர்வதேச வேகப்பந்து வீச்சாளர்கள் 140 கி.மீ.யில் வீசும்போது, இதை யார் சீண்டுவார்கள்?

அப்புறம் எப்படி ஜெயிச்சார்?

இங்கதான் விஷயமே. அவரது முதல்தர விக்கெட்டுகளில் பெரும்பாலானவை 35 வயதுக்குப் பிறகு வந்தவை. ஏப்ரல், மே மாதங்களில் இங்கிலாந்தில் ஆடுகளம் ஈரமாக இருக்கும், வானம் மேகமூட்டமாக இருக்கும். கவுன்ட்டியில் பயன்படும் டியூக்ஸ் பந்தில் தையல் நன்றாகப் புடைத்து நிற்கும். வேகம் தேவையில்லை. தையல் நேராகத் தரையில் விழுந்தால் பந்து தானாக ஏதாவது செய்யும். ஒரே இடத்தில், ஸ்டம்ப்பை நோக்கி, நாள் முழுக்க வீச வேண்டும். அதைத்தான் அவர் சலிக்காமல் செய்தார். பந்துவீச்சு சராசரி சுமார் 25.

வேலை போச்சு... திரும்ப வந்தது!

2019-ல் 43 வயது. 'அடுத்த சீசனுக்கு ஒப்பந்தம் இல்லை' என்றது கென்ட். அந்த செப்டம்பரில் லீட்ஸில் யார்க்‌ஷயருக்கு எதிராக கென்ட் 39 ரன்னுக்கு 5 விக்கெட்டை இழந்து தவித்தபோது, சாம் பில்லிங்ஸுடன் சேர்ந்து 346 ரன் குவித்தார். அவர் மட்டும் 237. பிறகு பந்தைக் கையில் எடுத்து 20 ரன்னுக்கு 5 விக்கெட். கென்ட் 433 ரன் வித்தியாசத்தில் வென்றது. நிர்வாகம் முடிவை மாற்றிக்கொண்டது.

2020-ல் 5 ஆட்டத்தில் 29 விக்கெட். அடுத்த ஆண்டு, விஸ்டனின் ஆண்டின் சிறந்த ஐந்து வீரர்களில் ஒருவரானார்.

2022-ல் கென்ட் மறுபடியும் விடைகொடுத்தது. இந்த முறை அது இறுதி முடிவு. அதே சீசனில் ஒருநாள் கோப்பை அரையிறுதியில், 46 வயதில், ஆட்டமிழக்காமல் 84 அடித்து அணியைக் கரைசேர்த்தார். டிரென்ட் பிரிட்ஜில் நடந்த இறுதிப்போட்டியில் லங்காஷயரை 21 ரன்னில் வென்று கென்ட் கோப்பையைத் தூக்கியது. கென்ட் அணிக்காக அவர் ஆடிய கடைசி ஆட்டம் அதுதான்.

முதல்தர கிரிக்கெட்டில் 16,000-க்கும் அதிகமான ரன்கள், 550-க்கும் அதிகமான விக்கெட்டுகள். இங்கிலாந்து தொப்பி மட்டும் இல்லை.