அயலானின் மதிலும் நமது வழக்கும்

கறிவேப்பிலையும் முருங்கைக்காயும் மீனும் தேடி ஐ.என்.ஏ. மார்க்கெட்டுக்கு வருகிற தமிழ்க் குடும்பங்கள், நலம் விசாரித்த பின்பு பேசத் தொடங்குவது பெரும்பாலும் வீட்டைக் குறித்தே. "பக்கத்து வீட்டுக்காரர் அனுமதியில்லாமல் இன்னொரு மாடி எழுப்புகிறார், எங்கள் சமையலறை இருண்டுபோயிற்று, கோர்ட்டுக்குப் போகலாமா?" என்பது அவற்றுள் ஒரு கேள்வி. வாழ்நாள் சேமிப்பை ஒரே மாடியில் போட்டவர்களுக்கு இது சிறிய காரியமல்ல.

முதலாவது, அயலாருக்கு உரிமை உண்டா? உடுப்பியில் குடியிருப்புப் பகுதியிலிருந்த ஒரு கலியாண மண்டபத்தைச் சினிமாக் கொட்டகையாக மாற்ற நகராட்சி அனுமதித்தது. அங்கே வசித்த ஒருவர் எதிர்த்து வழக்காடினார். சட்டவிரோதமான கட்டடம் சுற்றிலும் வசிப்போரின் உரிமையைப் பாதிக்கிறது என்று 1974இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே "என் நிலம், என் இஷ்டம்" என்பது சட்டமன்று.

இரண்டாவது, எங்கே போவது? இங்கேதான் பலர் வழிதவறுகிறார்கள். அனுமதியற்ற கட்டடத்தை நிறுத்தவும், முத்திரையிடவும், இடிக்கவும் 1957ஆம் ஆண்டின் டெல்லி மாநகராட்சிச் சட்டம் மாநகராட்சிக்கே அதிகாரம் அளிக்கிறது. அந்த ஆணையை எதிர்ப்பவர் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்திற்குச் செல்ல வேண்டும். இடிக்கும் ஆணைக்கு எதிராக உரிமையியல் நீதிமன்றம் சாதாரணமாகத் தலையிடலாகாது என்றும், எதிர்தரப்பைக் கேளாமல் தடையாணை வழங்கினால் அதற்குக் காரணம் எழுதப்பட வேண்டும் என்றும் 1993இல் சிவகுமார் சட்டா வழக்கில் உச்சநீதிமன்றம் கூறியது. ஆகையால் உங்கள் முதல் படி, மாநகராட்சிக்கு எழுத்துமூலமான புகார். 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், அங்கீகரிக்கப்பட்ட வரைபடம் உண்டா என்றும் கேளுங்கள்.

உரிமையியல் நீதிமன்றத்தில் நீங்கள் காட்ட வேண்டியது உங்களுடைய சொந்த உரிமை. உங்கள் நிலத்தில் அவருடைய சுவர் ஏறியிருக்கிறதா? அஸ்திவாரம் தோண்டியதால் உங்கள் சுவர் வெடித்ததா? 20 ஆண்டுகள் இடையறாது நீங்கள் அனுபவித்த வெளிச்சமும் காற்றும் மறைக்கப்பட்டதா? இந்த 20 ஆண்டுக் கணக்கு, 1882ஆம் ஆண்டின் வசதியுரிமைச் சட்டத்தில் உள்ளது. நேற்று வாங்கிய புது வீட்டின் ஜன்னலுக்கு அது எளிதில் வாய்க்காது.

மூன்றாவது, தாமதியாதிருங்கள். நாலாம் மாடி ஒட்டும் வரை மௌனமாயிருந்து, பிறகு இடிக்கக் கேட்பவரை நீதிமன்றம் சந்தேகத்தோடு நோக்கும். நொய்டாவின் இரட்டைக் கோபுர வழக்கில், கட்டடங்களுக்கிடையே விடவேண்டிய இடைவெளி விடப்படவில்லை என்று குடியிருப்போர் சங்கம் 2012இல் அலகாபாத் உயர்நீதிமன்றத்தை நாடியது. 2014இல் வெற்றி, 2021இல் உச்சநீதிமன்றம் அதை உறுதிசெய்தது, 2022 ஆகஸ்ட் 28 அன்றே கோபுரங்கள் விழுந்தன. நியாயம் கிடைத்தது; பத்தாண்டுகள் கடந்தன.

நான்காவது, நம் வீட்டையும் பார்ப்போம். மூடிய பால்கனியும், ஏணிப்படியின் கீழ் எழுப்பிய அறையும் நம்மிடத்தில் இருக்குமானால், நமது புகாரே நம்மேல் திரும்பும். பல ஆண்டுகள் குடியிருந்தோம், பணம் போட்டோம், அதிகாரி கண்டுகொள்ளவில்லை என்பவை சட்டவிரோதத்தைச் சட்டமாக்காது என்று 2024 டிசம்பரில் உச்சநீதிமன்றம் திட்டமாய்க் கூறியது. மாடிக்குக் கைப்பிடிச்சுவர் கட்டும் கட்டளையை உபாகமம் 22ஆம் அதிகாரத்தில் வாசித்திருக்கிறீர்கள். கட்டட விதியின் நோக்கம் பிறருடைய உயிர் என்பது அதிலேயே விளங்கும்.

சமாதானத்துக்கு வழியில்லையா? உண்டு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 89ஆம் பிரிவு, வழக்கைச் சமரசத்துக்கு அனுப்ப நீதிமன்றத்தை அனுமதிக்கிறது. டெல்லியின் மாவட்ட நீதிமன்றங்களில் சமரச மையங்கள் இயங்குகின்றன. வெடித்த சுவரைச் செப்பனிடுதல், ஜன்னலுக்கு இடைவெளி விடுதல், தண்ணீர்க் குழாயை மாற்றுதல் ஆகியவை அங்கே தீரும். ஆனால் ஒன்றை மறவாதிருங்கள்: இரு வீட்டார் கையெழுத்திட்டாலும் அனுமதியற்ற மாடி அனுமதி பெற்றதாகிவிடாது, மாநகராட்சியின் கை கட்டப்படுவதில்லை.

வழக்கு முடிந்த பிறகும் அதே படிக்கட்டில் அதே அயலாரைத் தினமும் சந்திக்க வேண்டும். ஆகவே முதல் செங்கல் வைக்கப்படும் நாளிலேயே அவருடைய கதவைத் தட்டி, வரைபடத்தைக் காட்டும்படி அன்போடு கேளுங்கள். அவர் மறுத்தால், மறுநாளே புகாரை எழுதுங்கள்.