குழுவில் அவதூறு வந்தால் 'அட்மின்' பொறுப்பா? சட்டம் சொல்வது என்ன?

ஈப்போ - தோட்டங்கள் துண்டாடப்பட்டு, லயங்கள் இடிக்கப்பட்டு, மக்கள் புந்தோங், சுங்கை சிப்புட், கிள்ளான், ஜொகூர் என்று சிதறிப் போனாலும் தோட்டத்து உறவு விட்டுப் போகவில்லை. அது இப்போது கைப்பேசியில் தொடர்கிறது. பழைய தோட்டத்தின் பெயரில் ஒரு புலனக் குழு, ஆலயத் திருவிழாவுக்கு ஒன்று, தமிழ்ப்பள்ளிப் பெற்றோருக்கு ஒன்று. சாவுச் செய்தியும் கல்யாண அழைப்பும் முதலில் அங்குதான் வருகின்றன. சண்டையும் அங்குதான் நடக்கிறது.

அந்தச் சண்டையில் ஒருவரின் மானம் போனால் யார் பொறுப்பு? எழுதியவரா, பகிர்ந்தவரா, குழுவை நடத்தும் 'அட்மினா', செயலி நிறுவனமா?

100 வெள்ளி அபராதம்

டிக்டாக் தளத்தில் ஈஷா என்று அறியப்பட்ட ராஜேஸ்வரி அப்பாஹு, இணையத்தில் தொடர் வசைக்கு ஆளான பின்னர் 2024 ஜூலை 5ஆம் தேதி உயிரிழந்தார். அவர் தொடர்பான வழக்கில் குற்றத்தை ஒப்புக்கொண்ட ஒரு பெண்ணுக்கு 100 வெள்ளி அபராதம் விதிக்கப்பட்டது. 1955ஆம் ஆண்டு சிறு குற்றங்கள் சட்டத்தின் 14ஆவது பிரிவில் அதுவே உச்ச அபராதம். 'ஓர் உயிரின் விலை 100 வெள்ளியா?' என்று சமூகம் கொதித்தது.

அதன் பிறகு சட்டங்கள் மாறின. திருத்தப்பட்ட குற்றவியல் சட்டம் 2025 ஜூலை 11ஆம் தேதி நடப்புக்கு வந்தது. வேண்டுமென்றே மிரட்டியோ, வசைபாடியோ, இழிவுபடுத்தியோ ஒருவருக்கு மனவேதனை உண்டாக்கினால் 3 ஆண்டு வரை சிறை கிடைக்கலாம். அந்தத் தூண்டுதலால் பாதிக்கப்பட்டவர் உயிரை மாய்த்துக் கொண்டாலோ, அதற்கு முயன்றாலோ தண்டனை 10 ஆண்டு வரை போகலாம். துன்புறுத்தும் நோக்கில் ஒருவரின் அடையாள விவரங்களைப் பரப்புவதும் இப்போது குற்றம். தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233ஆவது பிரிவில் உச்ச அபராதம் 50,000 வெள்ளியிலிருந்து 5 லட்சம் வெள்ளியாக உயர்ந்துள்ளது.

அட்மின் நிலை என்ன?

'புலனக் குழு அட்மின்' என்று பெயர் சொல்லித் தண்டிக்கும் தனிப் பிரிவு எதுவும் மேற்சொன்ன திருத்தங்களில் இல்லை. அதற்காக அட்மின் நிம்மதியாகத் தூங்கிவிட முடியாது. சாட்சியச் சட்டத்தின் 114ஏ பிரிவு 2012 முதல் நடப்பில் உள்ளது. ஒரு பதிவில் உரிமையாளராகவோ நிர்வாகியாகவோ ஆசிரியராகவோ காட்டப்பட்டவரையோ, அது வெளியாக வழிசெய்தவரையோ அதை வெளியிட்டவராகக் கருத அப்பிரிவு இடம் தருகிறது. 'நான் இல்லை' என்று நிரூபிக்கும் சுமை அவர் தலையில் விழும்.

வாசகர்கள் எழுதிய கருத்துகளுக்காக மலேசியாகினி செய்தித் தளத்திற்குக் கூட்டரசு நீதிமன்றம் 2021 பிப்ரவரி 19ஆம் தேதி 5 லட்சம் வெள்ளி அபராதம் விதித்தது. போலீஸ் தொடர்பு கொண்டதும் அக்கருத்துகள் நீக்கப்பட்டன. அது போதவில்லை. அத்தீர்ப்பு ஒரு செய்தித் தளத்தைப் பற்றியது. குடும்பக் குழுவுக்கு அப்படியே பொருந்தும் என்று சொல்ல முடியாது. ஆனால், 'எழுதியது நானில்லை' என்ற ஒரே பதில் எப்போதும் காப்பாற்றாது என்பதை அது காட்டியது.

நிறுவனங்களின் கடமை

2026 ஜனவரி 1 முதல் நடப்பில் உள்ள இணையப் பாதுகாப்புச் சட்டம், புகார் செய்யும் வழியை நிறுவனங்கள் ஏற்படுத்தித் தர வேண்டும் என்கிறது. கடமை தவறினால் அபராதம் 1 கோடி வெள்ளி வரை போகலாம். ஆனால் தனிப்பட்ட குறுஞ்செய்திகள் அச்சட்டத்துக்குள் வராது. ஆகவே புலனக் குழுவில் நடப்பதைப் பெரும்பாலும் குழுவினரே கவனித்தாக வேண்டும்.

இன்னொரு சிக்கல் மொழி. நம்மவர் வசை, பாதி தமிழ், பாதி மலாய், அதுவும் ஆங்கில எழுத்தில் வரும். கணினி வடிகட்டிக்கு அது எளிதில் பிடிபடாது. புகார் செய்வோர் அச்சொல்லின் பொருளையும் எழுதிக் கொடுப்பது நல்லது.

கேள்வி கேட்பது குற்றமா?

ஆலயக் கணக்கைக் கேட்டாலும், பள்ளி வாரியத்தைக் குறை சொன்னாலும் 'போலீசில் புகார் செய்வேன்' என்று மிரட்டுவோர் உண்டு. 233ஆவது பிரிவின் சொற்கள் மிக விரிந்தவை என்ற வாதம் நீதிமன்றம் வரை போயிருக்கிறது. கணக்கு கேட்பது வேறு, கேட்டவரின் மகளைப் பற்றி அசிங்கமாக எழுதுவது வேறு. இந்த வேறுபாட்டைக் குழு விதியாக முன்கூட்டியே எழுதி வைத்தால் பாதிச் சண்டை குறையும். அட்மின் இருவர் மூவராக இருப்பது நல்லது. அவதூறை நீக்கும் முன் பிரதி எடுத்து வைக்க வேண்டும்.

பாதிக்கப்பட்டவர் செய்ய வேண்டியது: பதிவைத் தேதி, எண், இணைப்புடன் திரைப்பிடிப்பு எடுக்கவும். பதிலுக்கு வசைபாட வேண்டாம். போலீசிலும் எம்.சி.எம்.சி.யிலும் புகார் செய்யவும். மனம் தளர்ந்தால் தாலியான் காசே 15999, தாலியான் ஹீல் 15555, பிஃப்ரெண்டர்ஸ் 03-7627 2929 ஆகிய எண்களை அழைக்கலாம்.