நிஜக் கலவரத்துக்குள் நடிகையை நடக்கவிட்டுப் படமெடுத்தவர் யார், தெரியுமா?

ஆவணப்படக்காரரா, கதைப்படக்காரரா? அமெரிக்க ஒளிப்பதிவாளர் ஹாஸ்கெல் வெக்ஸ்லரிடம் (1922–2015) இந்தக் கேள்வியே செல்லாது. இரண்டையும் ஒரே மூச்சில் செய்தவர் அவர்!

★ இரண்டாம் உலகப் போரில் அவர் வணிகக் கப்பல் மாலுமி என்பது தெரியுமா? டார்பிடோ தாக்கிக் கப்பல் மூழ்க, உயிர்காப்புப் படகில் நாள்கணக்கில் கடலில் தத்தளித்துத் தப்பினார்!

★ 1963இல் மார்ட்டின் லூதர் கிங் பேசிய வாஷிங்டன் பேரணிக்குச் சான்பிரான்சிஸ்கோவிலிருந்து ஒரு குழு பேருந்தில் புறப்பட்டது. கேமராவோடு கூடவே ஏறினார் வெக்ஸ்லர். பிறந்தது 'தி பஸ்' ஆவணப்படம்!

★ கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்கென்று தனி ஆஸ்கர் இருந்ததே, அதைக் கடைசியாக வாங்கியவர் இவர்தான்! படம், 'ஹூஸ் அஃப்ரெய்ட் ஆஃப் வர்ஜீனியா உல்ஃப்?' (1966).

★ அக்கால ஹாலிவுட் வண்ணப்படங்களில் விளக்குகள் வெள்ளைத் தோலுக்குத் தோதாகவே வைக்கப்பட்டன. 'இன் தி ஹீட் ஆஃப் தி நைட்' (1967) படத்தில் நடிகர் சிட்னி பாய்ட்டியேயின் கறுப்பு முகத்துக்கு ஏற்றபடி ஒளியைத் தணித்து அமைத்தார் வெக்ஸ்லர்.

★ உச்சம் இதுதான்! 1968இல் சிகாகோவில் ஜனநாயகக் கட்சி மாநாடு. வெளியே வியட்நாம் போர் எதிர்ப்பாளர்கள் மீது போலீஸ் தடியடி. மகனைத் தேடும் தாயாக நடித்த வெர்னா ப்ளூமை, மஞ்சள் உடையோடு அந்தக் கூட்டத்துக்குள்ளேயே நடக்கவிட்டுப் படமெடுத்தார். தடியடி நிஜம், கண்ணீர்ப் புகை நிஜம், தாயின் தேடல் மட்டும் கதை! அவரே எழுதி, இயக்கி, ஒளிப்பதிவும் செய்த அந்தப் படம் 'மீடியம் கூல்' (1969).

★ இன்று கல்யாண வீடியோ வரை வந்துவிட்ட ஸ்டெடிகேம் (நடந்துகொண்டே எடுத்தாலும் படம் குலுங்காதபடி கேமராவைத் தாங்கும் கருவி), கதைப்படம் ஒன்றில் முதன்முதலாக இயங்கியது இவரிடம்தான்! 'பவுண்ட் ஃபார் குளோரி' (1976) படத்தில், அதைக் கண்டுபிடித்த காரெட் பிரவுனே கருவியை உடம்பில் மாட்டிக்கொண்டு கிரேனிலிருந்து இறங்கி, நூற்றுக்கணக்கான துணை நடிகர்களுக்கு நடுவே நடந்தார். வெக்ஸ்லருக்கு இரண்டாவது ஆஸ்கர்!

★ 1997இல் 19 மணி நேரம் வேலை பார்த்துவிட்டுக் காரோட்டிச் சென்ற உதவி ஒளிப்பதிவாளர் ஒருவர், வழியில் கண்ணயர்ந்து விபத்தில் இறந்தார். வெக்ஸ்லர் கொதித்தெழுந்தார். எண்பதைத் தாண்டிய வயதில், படப்பிடிப்புகளின் வரம்பில்லாத வேலை நேரத்தை எதிர்த்து 'ஹூ நீட்ஸ் ஸ்லீப்?' (2006) எடுத்தார். சக தொழிலாளிகளின் உயிருக்காகச் சொந்தத் தொழில் மீதே கேமராவைத் திருப்பிய அந்தத் துணிச்சலுக்கு எத்தனை ஆஸ்கர் கொடுத்தாலும் தகும்!