அனுமாருக்கு வயது 58!

எங்க சாணார்பட்டிப் பெரியப்பாவுக்கு தாராசிங் என்றால் தெரியாது. 'அனுமார்' என்றால்தான் தெரியும்!

1928-ல் பஞ்சாபில் பிறந்த தாராசிங், சிங்கப்பூரில் டிரம் தயாரிக்கும் ஆலையில் வேலை பார்த்துக்கொண்டே குஸ்தி பழகினார். கிங்காங் என்கிற மாமலையோடு மோதினார். 1968-ல் பம்பாயில் அமெரிக்காவின் லூ தெஸ்ஸை வீழ்த்தினார். நடுவே சினிமா வேறு. மும்தாஜோடு மட்டும் 16 படங்கள்! (பெருமூச்சு வேண்டாம்.)

ஆனால், நம்மூர் வீடுகளுக்குள் அவரைக் கொண்டுவந்தது 1987-ல் தூர்தர்ஷனில் ஆரம்பித்த 'ராமாயண்'. குஸ்திக்கு முழுக்குப் போட்டு நாலு வருஷம், வயசு 58. பெரியப்பாவுக்கு இந்தியில் ஒரு வார்த்தை தெரியாது. தோளைப் பார்த்தே கும்பிட்டாராம்!

பி.காம். புத்திக்குத் தோணுது: உடம்பும் ஒரு டெபாசிட்தான். அவர் முப்பது வருஷம் கழித்து வட்டி வாங்கினார். நாமோ ஆபீஸ் நாற்காலியில் உட்கார்ந்து அசலையே தின்னுக்கிட்டிருக்கோம், சார்!