முப்பதுக்கு நாற்பது: பெங்களூருல ஒரு வீடு எப்படி எழும்புது?



பெங்களூருல வீடு கட்டற தொழில் எப்படி இருக்குன்னு கேட்டா, பேப்பர்ல வர்ற பதில் பெரும்பாலும் அபார்ட்மெண்டைப் பத்தினது. ஒயிட்ஃபீல்டுல என்ன விலை, சர்ஜாபூர் ரோட்டுல எத்தனை கோடி, ஏர்போர்ட் பக்கம் தேவனஹள்ளியில யார் புதுசா தொடங்கியிருக்காங்க. எல்லாம் தேவையான செய்திதான். ஆனா தர்மபுரியிலயிருந்தோ திருவண்ணாமலையிலயிருந்தோ வேலை கிடைச்சு வர்ற பையன் முதல்ல பெட்டியை இறக்குற இடம் வேற. பொம்மனஹள்ளி, ஹொங்கசந்திரா, ராமமூர்த்தி நகர், ஹெண்ணூர்னு ஏதோ ஒரு உள்தெரு. அங்க 30க்கு 40 சைட்ல நாலு மாடி, அஞ்சு மாடின்னு எழும்பி நிக்குமே ஒரு வீடு, அங்கதான் இறக்குவான். இன்னிக்கு அந்த வீட்டைப் பத்திப் பேசலாம்.

நான் சொல்ல வர்றதை முதல்லயே சொல்லிடறேன். இந்த வீட்டுக்கு எந்தெந்தப் பேப்பர் வேணும்னு சட்டம், கோர்ட்டு, மின்வாரியம், சப் ரிஜிஸ்ட்ரார் ஆபீஸ் எல்லாரும் கேக்கறாங்க. கட்டடம் உறுதியா நிக்குமான்னு மண்ணுல இறங்கிப் பார்க்க மட்டும் ஒரு ஆள் கிடையாது.

முதல்ல கணக்கைப் பார்ப்போம். 30 அடி, 40 அடி. மொத்தம் 1,200 சதுர அடி. இங்க சைட்டோட விலைதான் பெரிய சுமை. பல ஏரியாவுல கட்டற செலவை விட மண்ணோட விலை ரொம்ப அதிகம். சைட் வாங்கும்போதே பாதிக் கடன் ஏறிடும். அதுக்கு மேல காண்ட்ராக்டர் சதுர அடிக்கு 2,000 ரூபாய்க்கு மேல கேக்கறார். தரைத்தளம், அதுக்கு மேல ரெண்டு மாடின்னு பிளான் இருக்கும். கீழ வண்டி நிறுத்தணும், ஒரு மாடியில வீட்டுக்காரர் இருக்கணும், மிச்சம் இருக்கிற ஒரே ஒரு மாடி வாடகையை வெச்சு பேங்க் தவணையைக் கட்ட முடியாது. அதனால மூணாவது மாடி. அதுக்கு மேல தண்ணித் தொட்டி பக்கத்துல ஒரு ரூம். அப்புறம் அந்த ரூமே முழு மாடியா ஆகும். ஒவ்வொரு மாடியையும் ரெண்டாப் பிரிச்சா வாடகையும் ரெண்டு.

இதுக்குக் காசு எங்கிருந்து வருது? நம்ம ஊர்ல போக்கியம்னு சொல்றோமே, அதை இங்க லீஸ்னு சொல்வாங்க. மாச வாடகை கிடையாது. மொத்தமா சில லட்சம் கொடுத்துட்டு ரெண்டு மூணு வருஷம் இருந்துட்டு, காலி பண்ணும்போது பணத்தைத் திருப்பி வாங்கிக்கலாம். அந்த லீஸ் பணத்தை வெச்சு அடுத்த தளத்தை முடிக்கிறது இங்க சகஜம். அதாவது அனுமதி இல்லாத மாடிக்கு முதல் போடறது, பல நேரம், அதுலயே குடிவரப்போற குடும்பம். தன் நகையையும் சேமிப்பையும் கொட்டின குடும்பம்.

சரி, வீட்டுக்காரங்க பேராசை பிடிச்சவங்கன்னு சொல்லி இதை முடிச்சிடலாமா? அப்படிச் சொல்ல எனக்கு மனசு வரல. இந்த ஊரோட வரலாற்றை ஒரு நிமிஷம் பாருங்க.

1945-ல இங்க நகர மேம்பாட்டு டிரஸ்ட் போர்டு வந்துச்சு. 1976-ல அந்த வேலையை பெங்களூரு வளர்ச்சி ஆணையம், அதாவது பிடிஏ, எடுத்துக்கிச்சு. ஜெயநகர், ராஜாஜிநகர், பின்னாடி எச்எஸ்ஆர், பிடிஎம் லேஅவுட் எல்லாம் அரசு திட்டம் போட்டு, ரோடு போட்டு, சைட்டாப் பிரிச்சுக் கொடுத்தது. நடுத்தரக் குடும்பம் மனு போட்டு, காத்திருந்து, சைட் வாங்கி வீடு கட்டின காலம் அது. ஐடி கம்பெனிங்க வந்து ஊர் வெடிச்சுப் பெருகினப்போ இந்த அமைப்பால ஈடு கொடுக்க முடியல. நாடபிரபு கெம்பேகவுடா லேஅவுட்ல 2016-லயே சைட் ஒதுக்க ஆரம்பிச்சாங்க. தண்ணி, கரண்ட், ரோடு முழுசா வரலைன்னு சைட் வாங்கினவங்க வருஷக்கணக்காப் போராடினாங்க. சிவராம காரந்த் லேஅவுட்டுக்கு 2008-ல அறிவிப்பு வந்துச்சு. அது 2018-ல சுப்ரீம் கோர்ட்டு உத்தரவு போட்ட பிறகுதான் மறுபடி அசைஞ்சுது. ஊருக்கான மாஸ்டர் பிளானே 2007-ல ஒப்புதல் ஆனது, 2015-ஐக் குறியா வெச்சுப் போட்டது. 2031-க்குப் போட்ட அடுத்த வரைவைத் திரும்ப வாங்கிட்டாங்க.

அரசு சைட் கொடுக்காத இடத்துல வேற யாராவது கொடுப்பாங்க இல்லையா? விவசாய நிலத்தை முறைப்படி மாத்தாம, துண்டு போட்டு வித்தாங்க. இதைத்தான் இங்க ரெவின்யூ சைட்னு சொல்றாங்க. அப்படிப்பட்ட சொத்தை மாநகராட்சி தனிப் பதிவேட்டுல எழுதி வெச்சு வரி மட்டும் வாங்கிக்கிச்சு. பி கட்டான்னு கேள்விப்பட்டிருப்பீங்களே, அது இதுதான். எல்லாம் ஒழுங்கா இருக்கிற சொத்துக்கு ஏ கட்டா. பி கட்டா சைட்டுக்குச் சட்டப்படி பிளான் அனுமதி கிடைக்காது. ஆனா வீடு எழும்பும், வரி ரசீது வரும், கரண்ட் வரும். இப்படியே பல வருஷம் ஓடுச்சு. விதிமீறலைச் சீர்படுத்த கர்நாடகா கொண்டுவந்த அக்ரம சக்ரம திட்டத்துக்கு 2017 ஜனவரியில சுப்ரீம் கோர்ட்டு தடை போட்டுச்சு.

அடுத்த திருப்பம் 2024 டிசம்பர் 17. உத்தரப் பிரதேசத்து வழக்கு ஒண்ணுல சுப்ரீம் கோர்ட்டு நாடு முழுசுக்கும் பொருந்துற மாதிரி சொல்லிடுச்சு: கட்டி முடிச்ச சான்று இல்லாத கட்டடத்துக்கு கரண்ட், தண்ணி, கழிவுநீர் இணைப்பு எதுவும் தரக்கூடாது. 2025 ஏப்ரல்ல கர்நாடக மின்சார ஒழுங்குமுறை ஆணையம் இதை நடைமுறைப்படுத்தச் சொல்லுச்சு. ஊருக்குக் கரண்ட் கொடுக்கற பெஸ்காம் புது இணைப்பை நிறுத்துச்சு. ஓசி, அதாவது குடியிருப்புச் சான்று, இருந்தாத்தான் மீட்டர். ஊர் முழுக்க கட்டி முடிச்ச வீடுங்க நின்னுபோச்சு. வேலைக்காக வாங்கின தற்காலிக இணைப்பை வெச்சே குடும்பங்கள் குடியேறி, கூடுதல் கட்டணம் கட்டிக்கிட்டு இருந்தாங்க.

நெருக்கடி அதிகமானதும் அரசு இறங்கி வந்துச்சு. 2025 அக்டோபர்ல உத்தரவு: கிரேட்டர் பெங்களூரு எல்லைக்குள்ள 1,200 சதுர அடி வரைக்கும் உள்ள சைட்ல, தரைத்தளமும் ரெண்டு மாடியும், இல்லேன்னா கீழ வண்டிக்கு ஸ்டில்ட் விட்டு மேல மூணு மாடி, இந்த அளவுக்குள்ள கட்டின வீட்டுக்கு ஓசி தேவையில்ல. அதே மாசத்துல, வழிகாட்டி மதிப்புல 5 சதவீதம் கட்டி பி கட்டாவை ஏ கட்டாவா மாத்திக்கலாம்னும் அறிவிச்சாங்க.

இருட்டுல உக்காந்திருந்த குடும்பத்துக்கு இது பெரிய நிம்மதி. அதை நான் குறைச்சுப் பேச மாட்டேன். ஆனா ஓசின்னா என்னன்னு யோசிச்சுப் பாருங்க. ஒரு இன்ஜினியர் நேர்ல வந்து, பிளான்ல இருக்கிறதும் மண்ணு மேல நிக்கிறதும் ஒண்ணுதானான்னு பார்த்துக் கையெழுத்துப் போடறது. அதுல லஞ்சமும் அலைக்கழிப்பும் இருந்துச்சு, உண்மை. ஆனா ஒரு சின்ன வீட்டை அரசு எட்டிப் பார்க்கக் கடைசியா இருந்த வாசல் அதுதான். இந்தப் பக்கம் முதல் வாசலும் லேசாகிடுச்சு. 2024-ல வந்த நம்பிக்கெ நக்ஷெ திட்டத்துல, 50க்கு 80 வரைக்குமான சைட்டுக்கு, பதிவு பெற்ற இன்ஜினியரோ ஆர்க்கிடெக்டோ ஆன்லைன்ல பிளானைப் போட்டா உடனே தற்காலிக அனுமதி. தமிழ்நாட்டுலயும் 2024 ஜூலையில சுயசான்று முறை வந்துச்சு: 2,500 சதுர அடி வரை மனை, 3,500 சதுர அடி வரை கட்டடம். தாமதத்தையும் லஞ்சத்தையும் குறைக்க நல்ல வழிதான். ஆனா தொடக்கத்துல நம்பிக்கை, முடிவுல விலக்கு, நடுவுல பார்க்க யாரும் இல்லேன்னா?

ரெரா இருக்கேன்னு நீங்க கேக்கலாம். 2016-ல வந்த ரெரா, அதாவது ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டம், அபார்ட்மெண்ட் வாங்கறவங்களுக்கு நிஜமாவே பெரிய காப்பு. வாங்கின பணத்துல 70 சதவீதத்தைத் தனிக் கணக்குல வெச்சு அந்தத் திட்டத்துக்கே செலவழிக்கணும். கட்டுமானக் குறை வந்தா அஞ்சு வருஷம் வரைக்கும் பில்டர்தான் சரி பண்ணணும். ஆனா 500 சதுர மீட்டருக்குள்ள நிலம், இல்லேன்னா எட்டு வீட்டுக்குள்ள இருந்தா பதிவே வேண்டாம். நம்ம 30க்கு 40 வெறும் 111 சதுர மீட்டர்தான்.

அப்போ அபார்ட்மெண்டே வாங்கிக்கலாமேன்னா, ஜிஎஸ்டியில மலிவு வீட்டுக்கு ஒரு வரையறை இருக்கு. பெங்களூரு மாதிரி பெருநகரத்துல 60 சதுர மீட்டர் கார்ப்பெட் ஏரியா, 45 லட்சம் விலை. அதுக்குள்ள இருந்தா வரி 1 சதவீதம், தாண்டினா 5 சதவீதம். இது 2019-ல வெச்ச அளவு. இன்னிக்கு ஊருக்குள்ள அந்த விலையில புது அபார்ட்மெண்ட் தேடிப் பாருங்க. கிடைக்காதவங்க எல்லாரும் வந்து சேர்ற இடம்தான் இந்தச் சின்ன சைட் வீடு.

பார்க்க ஆள் இல்லேன்னா என்ன ஆகும்னு காட்டின இடம் பாபுசாப்பாளையா. 2024 அக்டோபர் 22, மழை நாள். ஹெண்ணூர் பக்கம் கட்டிக்கிட்டு இருந்த பல மாடிக் கட்டடம் அப்படியே உட்கார்ந்துடுச்சு. உள்ள வேலையாளுங்க இருந்தாங்க. 9 பேர் செத்துப்போனாங்க. அது விதிமீறின கட்டடம், நோட்டீஸ் கொடுத்தும் வேலை நிக்கலைன்னு அரசு தரப்புலயே சொன்னாங்க. நோட்டீஸ் இருந்துச்சு, அதாவது பேப்பர் இருந்துச்சு. வேலையை நிறுத்த ஆள் இல்ல. அதுக்கு மூணு வருஷம் முன்னாடி, 2021 செப்டம்பர் கடைசியில, லக்கசந்திராவுல மெட்ரோ தொழிலாளிங்க தங்கியிருந்த கட்டடம் விழுந்துச்சு. அடுத்த மாசமே கஸ்தூரிநகர்ல ஒண்ணு. அந்த ரெண்டுலயும் முன்னாடியே ஆளுங்களை வெளியேத்தினதால உயிர் தப்புச்சு.

எதனால விழுது? மூணு தளத்துக்குன்னு கணக்குப் போட்ட தூண், அஸ்திவாரத்து மேல அஞ்சு தளம் ஏறும். மாடி ஏத்தணும்னு முடிவெடுக்கிறப்போ இன்ஜினியர் இருக்க மாட்டார், மேஸ்திரிதான் இருப்பார். பழைய வீடு ஒட்டி நிக்கும்போதே பக்கத்து சைட்ல ஆழமாக் குழி தோண்டுவாங்க. மண் சரியாம முட்டுக் கொடுக்க செலவாகும்னு விட்டுடுவாங்க. மழை வந்தா அந்த மண் நகரும்.

இன்னொண்ணு, கான்கிரீட்டை ஈரமா வெச்சுக்கிறது. சாதாரண சிமெண்டுக்கு குறைஞ்சது 7 நாள், கலப்பு சிமெண்டுக்கு 10 நாள்னு இந்தியத் தர விதி சொல்லுது. நாம இன்னிக்குக் கடையில வாங்கற சிமெண்ட் பெரும்பாலும் கலப்புதான். 2024 மார்ச்சுல ஊரே தண்ணிக்குத் தவிச்சப்போ, குடிநீரைக் கட்டட வேலைக்குப் பயன்படுத்தக்கூடாது, மீறினா 5,000 ரூபாய் அபராதம்னு குடிநீர் வாரியம் சொல்லுச்சு. சரியான உத்தரவுதான். சுத்திகரிச்ச தண்ணியை லாரியில வாங்கலாம். பெரிய கம்பெனி வாங்கும். குறுகின சந்துல கட்டறவர் என்ன பண்ணுவார்? நாலு நாள் ஊத்திட்டு சென்ட்ரிங்கைப் பிரிச்சிடுவார். அந்தப் பலவீனம் மேல பூச்சு வேலை ஆனதும் யார் கண்ணுக்கும் தெரியாது.

கட்டற கையைப் பத்திப் பேசாம இதை முடிக்க முடியாது. ஒரு காலத்துல இந்த ஊரோட கொத்தனாரும் சித்தாளும் நிறைய நம்ம பக்கத்து ஜனங்கதான். இப்போ ராய்ச்சூர், யாத்கிர், பீகார், மேற்கு வங்கம், ஒடிசாவுலயிருந்து வர்றாங்க. கட்டற இடத்துலயே தகர ஷெட்ல தங்கறாங்க. 2020 மே மாசம் நடந்ததை நான் மறக்க மாட்டேன். ஊரடங்குல சொந்த ஊருக்குப் போகத் தவிச்சவங்களுக்கு ரயில் ஏற்பாடாச்சு. கட்டட அதிபர்கள் முதலமைச்சரைச் சந்திச்சதும், கர்நாடக அரசு அந்த ரயில் வேண்டாம்னு கோரிக்கையைத் திரும்ப வாங்கிடுச்சு. நாடே கொதிச்ச பிறகுதான் ரெண்டு மூணு நாள்ல மறுபடி விட்டாங்க. 1996-ல வந்த சட்டப்படி கட்டடச் செலவுல 1 சதவீதத்தை இவங்க நலனுக்காக வசூல் பண்ண ஆரம்பிச்சாங்க. ஆனா நல வாரியத்துல பதிய, கடைசி ஒரு வருஷத்துல 90 நாள் வேலை பார்த்ததுக்கு அத்தாட்சி வேணும். சைட் சைட்டா மாறிக்கிட்டே இருக்கிறவருக்கு அதை யார் எழுதிக் கொடுப்பா?

என்னைக் கேட்டா, ஓசி விலக்கை எடுக்க வேண்டாம். அதுக்குப் பதிலா மூணு கட்டத்துல ஒரு ஸ்ட்ரக்சுரல் இன்ஜினியர் வந்து பார்க்கணும்னு கட்டாயமாக்கணும்: அஸ்திவாரக் குழி எடுத்ததும், தரைமட்டம் வந்ததும், ஒவ்வொரு தளத்துக்கும் கம்பி கட்டி முடிச்சு கான்கிரீட் கொட்டறதுக்கு முன்னாடியும். போட்டோவும் கையெழுத்தும் அந்த வீட்டோட ஆன்லைன் கட்டாவோடயே சேரணும். அவர் பேர், பொறுப்பு ரெண்டும் அந்த வீடு இருக்கிற வரைக்கும் கூட வரணும். கடைசியில வந்து சுண்ணாம்பு அடிச்ச சுவரைப் பார்க்கிறதை விட இது ஆயிரம் மடங்கு உபயோகம்.

அது வர்ற வரைக்கும் நீங்க செய்யக்கூடியது இருக்கு. வீடு கட்டறீங்கன்னா, காண்ட்ராக்டரோட ரேட்டுக்கு முன்னாடி தூண், அஸ்திவாரத்துக்கான டிராயிங்கைக் கேளுங்க. எத்தனை மாடிக்குக் கணக்குப் போட்டதுன்னு அதுல எழுதி வாங்குங்க. அபார்ட்மெண்ட்னா கர்நாடக ரெரா இணையதளத்துல பதிவு எண்ணைத் தட்டிப் பார்த்துட்டு, கார்ப்பெட் ஏரியாவுக்கு என்ன விலைன்னு கேளுங்க. லீசுக்குப் போறீங்கன்னா, அனுமதி வாங்கின பிளானோட நகலைக் காட்டச் சொல்லுங்க. நீங்க குடிபோகப்போற மாடி அதுல இல்லேன்னா, பணத்தைக் கொடுக்காதீங்க.